பெரியம்மையின் அடுக்களை மேல் ஓர் எதிர்வழக்கு

பெரியம்மை எங்கள் மேல் வழக்குப் போட்டது நடைவழிக்காக. அவள் அம்மையின் கூடப்பிறந்த அக்காள். பாறசாலைப் பக்கத்தில் இரண்டு பேருக்கும் குடும்பச் சொத்தில் அடுத்தடுத்த பாகம். ரோட்டுக்குப் போக அவள் எங்கள் வீட்டுப் புரையிடம் வழியாகத்தான் நடந்துகொண்டிருந்தாள். அவளுடைய ஆடு வாழைக்கன்றைக் கடித்ததென்று அப்பா ஒருநாள் வேலி அடைத்தார். இவ்வளவுதான் விஷயம். இதற்குப் போய் நெய்யாற்றின்கரை கோர்ட்டு.

பதில் மட்டும் கொடுத்தால் போதாது என்றார் எங்கள் வக்கீல். "நம்ம பக்கத்தில இருந்தும் ஒண்ணு கேக்கணும். அப்பத்தான் அவங்க ராஜிக்கு வருவாங்க."

அளந்து பார்த்ததில் பெரியம்மையின் அடுக்களை ஒரு முழம் எங்கள் பாகத்துக்குள் இருந்தது. அதை இடித்து இடத்தை ஒப்படைக்க வேண்டுமென்று அப்பாவும் வக்கீலும் அம்மை பேரில் எதிர்வழக்குப் போட்டார்கள். தாயில்லாத அம்மைக்குச் சோறு பொங்கிப் போட்டுப் பெரியம்மை வளர்த்தது அந்த அடுக்களையில்தான். அம்மை அழுதாள்.

"பேடிக்காத. சும்மா ஒரு வெரட்டாக்கும்" என்றார் அப்பா. தன் சாமர்த்தியத்தின் மேல் அவருக்கு அப்படியொரு நம்பிக்கை.

எங்கள் சபையில் மனஸ்தாபத்தோடு யாரும் திருவிருந்து எடுக்கக்கூடாது. ஒரு திருவிருந்து ஞாயிறன்று, ஆராதனை தொடங்கும் முன்பே பெரியம்மை வந்து, போதகர் பார்க்க அம்மையின் கையைப் பிடித்தாள்.

"மக்கா, எனக்க வழக்க நான் எடுத்திடுதேன். நீங்க வேலியத் தொறந்தா மதி."

அன்றைக்கே அப்பா வேலியைப் பிரித்தார். பெரியம்மையும் சொன்னபடி வழக்கை வாபஸ் வாங்கினாள். வழக்குப் போட்டவளே எடுத்துவிட்டதால் எல்லாம் தீர்ந்தது என்று இரண்டு வீட்டாரும் நினைத்தோம். அவள் வழக்கு போனாலும் எங்கள் எதிர்வழக்கு தனியாக உயிரோடு இருக்கும் என்பது, சாமர்த்தியக்கார அப்பா உட்பட, ஒருவருக்கும் தெரியவில்லை.

அது எல்லைப் போராட்டக் காலம். எங்கள் பகுதியைத் தமிழ்நாட்டோடு சேர்க்கச் சொல்லி ஊர்வலம், கடையடைப்பு, எங்கே பார்த்தாலும் போலீஸ். பஸ் ஓடினால்தான் அதிசயம். வக்கீலின் குமஸ்தா எங்கள் பக்கம் வரப் பயந்தார். நாங்களும் அந்தப் பக்கம் போகவில்லை. விசாரணை நாளில் கோர்ட்டில் இருந்தவர் எங்கள் வக்கீல் மட்டும்தான். நாங்கள் சமாதானமானதை யாரும் அவரிடம் சொல்லவில்லை; அவர் தன் வேலையைச் செய்தார். பெரியம்மை தரப்பில் ஆளில்லாததால் அடுக்களையை இடிக்கச் சொல்லித் தீர்ப்பானது.

சந்தையில் யாரோ பெரியம்மையிடம் அதைச் சொல்லியிருக்கிறார்கள். எங்களுக்குத் தெரிந்ததோ அவள் வீட்டில் ஓடு பிரிக்கும் சத்தம் கேட்டுத்தான். அப்பா கோர்ட்டுக்குப் போய்க் கேட்காதவரை யாரும் வந்து இடித்திருக்க மாட்டார்கள். தீர்ப்பு வெறும் காகிதமாகக் கிடந்திருக்கும். இதையெல்லாம் அவளுக்கு யார் சொன்னார்கள்?

அம்மை தலைவிரிகோலமாக ஓடினாள்; பின்னால் நானும் ஓடினேன். பெரியம்மை கம்பிப்பாரையால் மண்சுவரைக் குத்திக்கொண்டிருந்தாள். அடுப்புக்கு நேர்மேலே வானம் தெரிந்தது. அம்மை பாரையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா, ஆண்டவரறிய எனக்கு இந்த எடம் வேண்டாம்!"

பெரியம்மை கோபப்பட்டுக் கத்தியிருந்தால்கூட இன்று நான் தாங்கிக்கொள்வேன். அவள் கத்தவில்லை. நிஜமாகவே தெரியாமல் கேட்கிறவள் மாதிரி அம்மையின் முகத்தைப் பார்த்தாள்.

"வேண்டாம்ணா பின்ன என்னத்துக்கு மக்கா கேட்ட?"

அம்மை பாரையிலிருந்து கையை எடுத்துவிட்டாள்.