டைம்கீப்பர் நாற்காலி எனக்குக் கிடைத்த விதம்

எனக்கு முதன்முதலில் மூச்சு முட்டியது 1973 மாசி மகத்தன்று. எழுபத்து நான்கு என்று என் தங்கை இன்றும் சாதிக்கிறாள். தவறு. எழுபத்து நான்கு மாசி மகத்துக்கு நான் பஸ்ஸிலேயே இல்லை.

அப்போது செங்கல்பட்டு - மாமல்லபுரம் தடத்தில் ஒரு தனியார் பஸ்ஸில் கண்டக்டராக இருந்தேன். கடலாடிவிட்டுத் திரும்பும் கூட்டம். மூட்டைகளை மேலே ஏற்றப் பின்பக்க ஏணியில் ஏறியவன், பாதியிலேயே கண் இருட்டிக் கம்பியைக் கட்டிக்கொண்டு நின்றுவிட்டேன். இதய வால்வு பழுது என்றார் ஆஸ்பத்திரி டாக்டர். சிறுவயதில் வந்த மூட்டுக் காய்ச்சலின் மிச்சமாம். "ஏணி ஏறாதீங்க. நாள் முழுக்க நிக்காதீங்க. உக்காந்து பாக்கிற வேலையா கேட்டு வாங்குங்க. இல்லேன்னா ரொம்ப நாள் தாங்காது."

உட்கார்ந்து பார்க்கிற வேலை ஒன்று எங்கள் கம்பெனியில் காலியாகவே இருந்தது. செங்கல்பட்டு பஸ் நிலையத்தில், வண்டி வருகிற நேரம் போகிற நேரம் குறிக்கும் டைம்கீப்பர் வேலை. பழைய ஆள் ஊரப்பாக்கத்தில் மகன் வீட்டோடு போய்விட்டார். நாற்காலியில் யாரோ குடையை வைத்திருந்தார்கள்.

சில மாதம் எங்கள் டிரைவரே ஏணி ஏறி மூட்டை ஏற்றிச் சமாளித்தார். பிறகு மானேஜரிடம் போய்க் கேட்டேன்.

"இன்னாபா இது புதுசா கீது? கண்டக்டர்னா கண்டக்டர் வேலை. முடியலைன்னா வூட்டுக்குப் போ."

"அந்த நாற்காலி சும்மாதானே சார் கிடக்குது?"

"சும்மா கெடந்தா உனுக்கா? முடியுதா முடியலையான்னு செக்கிங் ஆள வுட்டுப் பாக்கறேன். அவன் முடியலைன்னு சொன்னா அப்புறம் பேசு."

எனக்கு நிம்மதியாக இருந்தது. ஒருநாள் என்கூட வந்தால் போதும், யாருக்கும் தெரிந்துவிடும். செய்தியை எங்கள் டிரைவரிடம் சொன்னதுதான் பிசகு. அவர் புரிந்துகொண்டது வேறு: வேலையை விட்டுத் தூக்கப் பார்க்கிறார்கள், செக்கிங் ஆள் முன்னால் என்னைக் காப்பாற்றியாக வேண்டும். வழக்கமாக வரும் பயணிகள் அத்தனை பேர் காதிலும் போட்டுவைத்துவிட்டார்.

பரிசோதகர் திருக்கழுக்குன்றத்தில் ஏறினார். நான் எழுந்தேன். சதுரங்கப்பட்டினத்துத் துணிக்கடை பாய் என் தோளைப் பிடித்து அழுத்தி உட்காரவைத்தார். "நீ குந்து நைனா, காசு தன்னால வரும்." வந்தது. முன் சீட்டிலிருந்து கைமாறிக் கைமாறிச் சரியான சில்லறையாக வந்தது. டிக்கெட்டும் அதே வழியில் திரும்பிப் போனது. அத்தனை ஒழுங்கான வண்டியை அதற்கு முன் நான் பார்த்ததில்லை. எரிச்சலில் எனக்கு வியர்த்தது.

திரும்பி வரும்போது மாமல்லபுரத்தில் மீன்கார அம்மா கூடையோடு நின்றாள். இப்போது ஏணி ஏறித்தானே ஆகவேண்டும் என்று இறங்கினேன். அதற்குள் டிரைவர் வழக்கம்போலக் குதித்து ஓடிவந்து ஏணியில் பாதி தூரம் போயிருந்தார். கீழேயிருந்து கூடையைத் தூக்கிக் கொடுக்க ஆள் வேண்டுமே.

"பராக்கு பாத்துகினு நிக்கிறியே, ஒரு கை குடு அண்ணாத்த!" என்றாள் அந்த அம்மா பரிசோதகரிடம். அவரும் கொடுத்தார். மீன் தண்ணீர் அவர் சட்டையில் ஒழுகியது.

மறுநாள் மானேஜர் சிரித்தார். "வண்டி டயத்துக்கு வந்துது, டிக்கெட்டு கரீட்டு, லக்கேஜ் கரீட்டு. ராஜா மாரி கீறியாமே? போய் வண்டிய எடு."

ஒரு வார்த்தையும் பொய்யில்லை. வாசலில் பரிசோதகரைப் பிடித்து, "கூடைய ஏத்தினது நீங்கதான்னு சொன்னா என்ன சார்?" என்று கேட்டேன். "அது என் வேலை இல்லியேபா. சொன்னா என்னத்தான் கேப்பாங்க," என்றார்.

டிரைவரிடம் கத்தினேன். இவ்வளவு நல்லவர்கள் நடுவில் ஒரு நோயாளி பிழைக்க முடியாது என்றேன். அவருக்கு முகம் செத்துவிட்டது. "உன்ன காப்பாத்தினோம்னு நெனச்சேனே மச்சான்," என்றவர், நான் தடுக்குமுன் மானேஜர் அறைக்குள் புகுந்துவிட்டார்.

"சார், இவன் ஏணி ஏறி மாசக்கணக்கா ஆவுது. நான்தான் ஏறிகினு கீறேன்."

மானேஜர் எழுந்தே விட்டார். "இன்னாது? ஸ்டீரிங்க வுட்டுட்டு எறங்குனியா? இஞ்சின் ஓடிகினு கீறப்போ?"

"ஆமா சார். நாளைக்கும் எறங்குவேன்."

அரைமணி நேரம் இரைச்சல். வெளியே பெஞ்சில் உட்கார்ந்து என் வேலை போய்விட்டது என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். கடைசியில் என்னை உள்ளே கூப்பிட்டார். என் நெஞ்சைப் பற்றி ஒரு சொல் கிடையாது.

"நீ வண்டியில இருந்தா இவன் எறங்கிகினே இருப்பான். நீ போய் டைம் ஆபீஸ்ல குந்து. புது ஆள் வர்ற வரைக்கும்தான்."

போனேன். குடையை எடுத்துக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்தேன். புது ஆள் யாரும் வரவில்லை. எழுபதுகள் முடியும்வரை அந்த நாற்காலியில் நான்தான் இருந்தேன், டிரைவர் ஏணி ஏறக்கூடாது என்பதற்காக.