மேட்டுக்கு வந்த தண்ணீர்

மதுரை சலூனில் முகத்தில் சோப்பு நுரை பட்டால் போதும், எங்கள் ஊர் எழுமலை வாய்க்காலில் முதன்முதலாகத் தண்ணீர் விட்ட நாள் எனக்கு ஞாபகம் வந்துவிடும்.

"எங்க மேட்டுக்குத் தண்ணி வந்தா மீசைய எடுத்துர்றேன் சார்" என்று பெரியப்பா, அந்த வாய்க்காலை வெட்டிய இன்ஜினியரிடம் பந்தயம் கட்டியிருந்தார். குருவி கூடு கட்டலாம், அம்புட்டுப் பெரிய மீசை.

காய்ந்த மண் குடித்ததுபோக மிச்சத் தண்ணீர் ஊர்ந்து வந்தது. சாமி சப்பரத்துக்கு முன்னால் நடப்பதுபோல இன்ஜினியர் அதைப் பார்த்தபடியே பின்னோக்கி நடந்தார். எங்கள் வயலுக்குச் சற்று முன்னால் அது நின்றுவிட, அவர் முகம் செத்துப்போனது. பிறகு வாய்க்கால் நிறைந்து, தண்ணீர் வயலுக்குள் பாய்ந்தது. குலவைச் சத்தம் காதைப் பிளந்தது.

பெரியப்பா சலூன்காரரை இழுத்துவந்து கரையிலேயே உட்கார்ந்தார்.

"வேணாம்ணே, வெளையாட்டுக்குத்தான சொன்னீக?" என்று இன்ஜினியர் தடுத்தார்.

"அட விடுங்க சார்! மீச தானா மொளச்சுரும். தண்ணி அப்படியா வந்துச்சு?"