ரயில் போன பிறகும் இறங்காத கை

மெல்பேர்னில் இருக்கும் என் மச்சாளுக்கு வெற்றிடம் என்றால் ஆகாது. கணவரின் அக்கா அவர். கப்பலில் எங்களுக்குப் பெட்டி அனுப்பும்போது மூலைமுடுக்கெல்லாம் எதையாவது செருகினால்தான் அவருக்கு நித்திரை வரும். போன முறை ஜாம் போத்தல்கள் உடையாமல் இருக்க, பழைய சாமான் கடையில் அள்ளிய புத்தகங்களை நடுவில் அடுக்கியிருந்தார். லிங்கநகரில் எங்கள் ஒழுங்கையில் ஒரு வீட்டுக்குப் பெட்டி வந்தால் அது எல்லா வீட்டுக்கும் வந்த மாதிரி. சொக்லேட்டை எதிர்பார்த்துச் சுற்றி நின்றவர்களின் முகம், நான் புத்தகம் புத்தகமாக வெளியே எடுக்க எடுக்கச் சுருங்கியது. பக்கத்து வீட்டு மாமி வாய்விட்டே கேட்டார்.

"என்ன பிள்ளை, உங்கடை மச்சாள் பழைய பேப்பர்காரனுக்குக் குடுக்க வைச்சதை மாறி அனுப்பிப் போட்டாவோ?"

நான் ஆங்கிலம் படிப்பித்து ஓய்வு பெற்றவள். அச்சடித்த எழுத்து எதுவானாலும் எறிய மனம் வராது. புரட்டிப் பார்த்தால் எல்லாம் அவுஸ்திரேலியக் கதைகள். பத்தொன்பதாம் நூற்றாண்டு முடிந்து இருபதாம் நூற்றாண்டு பிறந்த காலத்தில் எழுதப்பட்டவை. எங்கள் ஒரே மகள் கலியாணம் முடித்து அந்த நாட்டுக்குப் போயிருந்தாள். மருமகன் வைத்தியர். மெல்பேர்னிலிருந்து பகல் முழுக்கக் கார் ஓட்டினால் வரும் ஒரு சிறு ஊரின் ஆஸ்பத்திரியில் அவருக்கு வேலை. மகள் இருக்கிற மண்ணைப் பற்றி வாசிப்போமே என்றுதான் தொடங்கினேன்.

மாலையில் கணவர் தன் வைத்தியர் சொன்ன நடையை நடக்க, நான் கடற்கரையில் ஒரு மர வாங்கில் அமர்ந்து வாசிப்பேன். ஒரு நாள், ஊருக்குள் மாடுபோலத் திரிகிற மான்களில் ஒன்று வந்து பக்கத்தில் வைத்திருந்த புத்தகத்தின் அட்டையைத் தின்றுவிட்டது. எங்கள் ஊர் மான்களுக்கு இலக்கியமும் ஒன்றுதான், சோற்றுப் பார்சல் சுற்றிய தாளும் ஒன்றுதான்.

அந்த எழுத்தாளர்களை எனக்குப் பிடித்துப்போனது. ஆட்டு மயிர் கத்தரித்தவர்கள், வேலை தேடி மூட்டையோடு நடந்தவர்கள், தூரத்துப் பள்ளிக்கூடங்களில் தனியாகக் கிடந்து படிப்பித்தவர்கள். வாரப் பத்திரிகைகளுக்குச் சின்னச் சின்னக் கதைகளாக எழுதிக் கொடுத்துப் பிழைத்தார்கள். பெண்கள் சிலர் ஆண் பெயர்களுக்குப் பின்னால் ஒளிந்து எழுதினார்கள். புகழ் தேடி இலண்டனுக்குக் கப்பல் ஏறியவர்களும் உண்டு. அந்தக் கப்பல்கள் கொழும்பில் தங்கித்தான் போகும் என்பதால், யாராவது ஒருவர் கரையிறங்கி ஒரு இளநீராவது குடித்திருப்பார் என்று நினைத்துக்கொள்வேன். இக்கரைக்கு அக்கரை பச்சை என்று நாங்கள் சொல்லிக்கொண்டிருக்கிறோம். அக்கரையில் இருந்தபடியே, இங்கே பச்சையும் இல்லை, மழையும் இல்லை, பேச ஆளும் இல்லை என்று மறைக்காமல் எழுதியவர்கள் இவர்கள்.

கோபமும் வராமல் இல்லை. அந்த மண்ணின் ஆதிக்குடிகள் இந்தக் கதைகளின் ஓரத்தில் வந்து ஒரு சொல்லும் பேசாமல் போனார்கள். எங்கள் நிறத்தவர் வந்தால் வீடு வீடாக விற்கும் துணி மூட்டையோடு வந்து, வாசிப்பவரைச் சிரிக்க வைத்துவிட்டுப் போனார்கள். ஒரு புத்தகத்தை அடித்து மூடினேன். நடந்து களைத்து வந்த கணவர், "ஆரோடை சண்டை?" என்றார்.

"செத்துப்போன ஆக்களோடை."

"அப்ப இந்த முறை நீ வெல்லுவாய்" என்று சொல்லிவிட்டுப் பக்கத்தில் இருந்தார்.

மகள் ஞாயிற்றுக்கிழமைகளில் பேசுவாள். பேசுவாள் என்று சொல்வது பிழை. நாங்கள் பேசுவோம், அவள் சிரிப்பாள். குசினி மேசையில் சீனி டின்னோடு போனைச் சாய்த்து வைத்தால், மாமி வருவார், மாமியின் மருமகள் வருவாள், சல்லிக் கிராமத்திலிருந்து மீன் கொண்டுவரும் அண்ணையும் சைக்கிளை மதிலில் சாத்திவிட்டு எட்டிப் பார்ப்பார். "பிள்ளை, உங்கை பாரை மீன் கிடைக்குதே?" என்று அவர் கேட்பார். மகள் தலைவாரி, பொட்டு வைத்து, பின்சுவரில் பிள்ளையார் படம் தெரிய இருப்பாள். "நல்லா இருக்கிறம். ஒரு குறையும் இல்லை" என்பாள். எனக்கு நெஞ்சு நிறையும். ஒழுங்கை முழுக்கச் சொல்லித் திரிவேன்.

ஒன்றுதான் கொஞ்சம் விசித்திரம். எல்லாரும் கையசைத்து முடித்த பிறகும் அவள் போனை வைக்கமாட்டாள். நான் விரலால் அழுத்தி நிறுத்தும்வரை அந்தச் சிரித்த முகம் அப்படியே இருக்கும். பெரியவர்கள் வைக்கட்டும் என்ற மரியாதை என்று நினைத்துப் பெருமையும் பட்டேன்.

பிறகுதான் மான் அட்டை தின்ற அந்தப் புத்தகத்தில் ஒரு சிறுகதை வாசித்தேன். வெட்டவெளியில் ரயில் பாதை. பாதை திருத்தும் தொழிலாளியின் குடிசை. வாரத்தில் ஒரு ரயில் போகும். அந்த நேரத்துக்கு அவன் மனைவி முகம் கழுவி, தோய்த்த உடுப்பு உடுத்து, வாசலில் நின்று கையசைப்பாள். அடிக்கடி அந்த வழியால் போகிற நகரத்து மனிதர் ஒருவர், எவ்வளவு சந்தோசமான பெண் என்று ஊரெல்லாம் சொல்லித் திரிவார். ஒரு நாள் குடிசையைத் தாண்டிய கொஞ்ச தூரத்தில் ரயில் பழுதாகி நின்றுவிடுகிறது. தண்ணீர் கேட்கலாம் என்று அவர் திரும்பி நடந்து வருகிறார். தூரத்திலிருந்தே தெரிகிறது. அவள் இன்னும் வாசலில்தான் நிற்கிறாள். தூக்கிய கையை இன்னும் இறக்கவில்லை. அவர் தண்ணீர் கேட்காமலே திரும்பிப் போகிறார். கதை அவ்வளவுதான்.

புத்தகத்தை மடியில் கவிழ்த்தேன். துறைமுகத்துக்குள் ஒரு கப்பல் மெல்ல நுழைந்துகொண்டிருந்தது. அதைப் பார்த்தபடி இருந்தேன், ஆனால் கண்ணுக்குள் நின்றது என் மகளின் முகம். ஊரெல்லாம் சொல்லித் திரிந்த அந்த மனிதர் நான்தான். பெற்றவள் எனக்குத் தெரியாததை, நூறு வருடத்துக்கு மேலாக மண்ணுக்குள் இருக்கும் யாரோ ஒருவர் தெரிந்து வைத்திருந்தார். எனக்கு வெட்கமாகவும் இருந்தது, பயமாகவும் இருந்தது.

ஞாயிறுவரை பொறுக்க முடியவில்லை. அடுத்த நாள் புதன்கிழமை. மத்தியானம் கணவர் சாப்பிட்டுச் சரிந்த பிறகு, கதவைச் சாத்திவிட்டு நானே அவளுக்குப் போன் எடுத்தேன். அங்கே பொழுதுபட்டிருந்தது. பொட்டில்லாமல், வாராத தலையோடு, பதறிக்கொண்டு வந்தாள்.

"என்னம்மா? அப்பாவுக்கு ஏதுமே?"

"ஒண்டுமில்லை பிள்ளை. அப்பா குறட்டை விடுறார். உங்கடை நாட்டுக் கதையொண்டு வாசிச்சனான். சொல்லட்டே?"

"இப்பவோ?" என்றாள். ஆனால் வைக்கவில்லை. வகுப்பில் சொல்வதுபோலக் கதையை முழுவதும் சொன்னேன். கையை இறக்காமல் அந்தப் பெண் நின்ற இடத்துக்கு வந்தபோது என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. மகளுக்குப் பின்னால் ஒரு குழாயிலிருந்து தண்ணீர் சொட்டும் சத்தம் கேட்டது.

"அந்தாள் ஏனம்மா திரும்பிப் போனவர்?"

"வெக்கமாக்கும். என்ன கேக்கிறதெண்டு தெரியாமலாக்கும்."

"கேட்டிருக்கலாம் அம்மா."

"ஓம். நான் கேக்கிறன். சொல்லு பிள்ளை."

அழுதாள். பிறகு சொன்னாள். மருமகன் நல்லவர், ஆனால் அவரை ஆஸ்பத்திரி தின்கிறது. நாள் முழுக்க வாய் திறக்காமல் கழிகிறது. கடையில் காசு வாங்குகிற பெண் "எப்பிடி இருக்கிறீங்கள்?" என்று கேட்பாள் என்பதற்காகவே ஒரு பாண் வாங்கப் போகிறாளாம். "ஏன் இவ்வளவு நாளும் சொல்லேல்லை?" என்றேன். "நீங்கள் எல்லாரும் எவ்வளவு சந்தோசமாய் இருந்தனீங்கள்" என்றாள். எங்கள் சந்தோசத்தையும் சேர்த்து அவள் தனியாகச் சுமந்திருக்கிறாள்.

ஒரு புதன்கிழமையில் எல்லாம் சரியாகிவிடவில்லை. ஆனால் அந்தப் புதன் எங்களுக்கு மட்டுமான நாளாகிவிட்டது. மாமிக்குக்கூடச் சொல்லவில்லை. நான் ஒவ்வொரு கதையாகச் சொன்னேன். அவள் அந்த ஊர் நூலகத்தில் அதே எழுத்தாளர்களைத் தேடிப் போனாள். அங்கே வாரத்துக்கு ஒரு முறை கூடி வாசிக்கிற பெண்கள் அவளுக்கும் ஒரு கதிரை போட்டார்கள். துணி மூட்டைக்காரரைப் பார்த்துச் சிரிக்கிற கதையை அவள் அவர்களுக்கே வாசித்துக் காட்டி, ஒரு நல்ல சண்டையும் பிடித்திருக்கிறாள். என் மகள்தான்.

கும்பிட்டு நன்றி சொல்ல எனக்கு நிறையத் தெய்வங்கள் உண்டு. இப்போது அந்தக் கூட்டத்தில் ஆட்டு மயிர் கத்தரித்தவர்களையும், ஆண் பெயரில் ஒளிந்திருந்த பெண்களையும், போத்தல் உடையக்கூடாது என்று நினைத்த என் மச்சாளையும் சேர்த்திருக்கிறேன்.

நேற்றும் புதன்கிழமை. நான் ஒரு கதையின் நடுவில் இருந்தேன். அவள் வீட்டு வாசலில் யாரோ அவளைக் கூப்பிடுவது கேட்டது.

"அம்மா, நூலகத்து ஆக்கள் வந்திட்டினம். மிச்சத்தைப் பிறகு சொல்லுங்கோ" என்றாள். நான் சரி என்று சொல்லி முடிக்க முன்னமே போனை வைத்துவிட்டாள்.