செய்திப் படத்தில் சைக்கிள் ஓட்டிய ரோஸம்மா

பழைய பிலிமை வீடியோ கேசட்டாக மாற்றித் தருகிற தொழிலில், பிலிம் அறுந்தால் ஒட்டிவிடலாம். படத்தில் இருப்பவரின் சொந்தக்காரர் வந்துவிட்டால்தான் சிக்கல். கல்யாண கேசட் எடுத்துக் கொடுத்துத் திட்டு வாங்கிய அன்பர்களே, உங்களுக்குப் புரியும். தொண்ணூறுகளில், லிங்கராஜபுரத்தில் ஒரு சின்ன வீடியோ கடையில் நான் பட்ட பாடு இது.

குதிரைக்கு மட்டும் பெயர்

ரிச்சர்ட்ஸ் டவுனில் ஒரு பங்களாவைக் காலி செய்தபோது எங்கள் முதலாளி நாகராஜ் ஒரு தகரப் பெட்டி வாங்கி வந்தார். உள்ளே ஊமைப்படக் காலத்துச் செய்திப் படச் சுருள். கண்டோன்மென்ட் மைதானத்தில் ஏதோ வேடிக்கை விழா. நடுவில் வரும் எழுத்தில் பரிசு கொடுத்த துரையின் பெயர், அவர் மனைவி பெயர், அவர் ஏறி வந்த குதிரையின் பெயர்கூட இருந்தது. குஸ்தி போட்டவர், பேண்டு வாசித்தவர் ஒருவர் பெயரும் இல்லை.

நாகராஜ் கன்னடக்காரர், எங்களோடு தமிழில்தான் பேசுவார். "குதிரைக்குப் பேர் போட்டிருக்கான், மனுஷனுக்குப் போடலை. கேசட்ல ஏத்தி, டிவியை ரோட்டைப் பார்த்துத் திருப்பி வை குரு, யாராவது கண்டுபிடிப்பாங்க."

ஓடுகிற பயில்வான்

முதல் வாரமே பயில்வானின் பேரன்கள் மூன்று பேர் ஒரே ஸ்கூட்டரில் வந்து இறங்கினார்கள். நசுங்கிய காதைப் பார்த்தே தாத்தா என்றார்கள். அந்தக் காலப் படத்தை இந்தக் கால வேகத்தில் ஓட்டினால் எல்லாரும் குடுகுடுவென்று ஓடுவார்கள், தாத்தாவும் ஓடினார். பேரன்கள் முகம் வாடியது. வேகத்தைக் குறைத்துக் காட்டினேன். கம்பீரமாக நடந்து வந்தார், வணக்கம் வைத்தார், அரை நிமிஷத்தில் மல்லாந்து விழுந்தார்.

மூத்தவர் தொண்டையைக் கனைத்துக்கொண்டார். "வணக்கம் வரைக்கும் கேசட்ல போடுங்க சார், அதுக்கப்புறம் வேணாம்."

உப்பிய கன்னம்

பேண்டில் எக்காளம் ஊதியவரை இரண்டு குடும்பங்கள் ஒரே நாளில் சொந்தம் கொண்டாடின. கன்னம் உப்பிவிட்டால் எல்லா முகமும் ஒன்றுதானே! சண்டை முற்றும் சமயத்தில் ஓர் அம்மாள் என்னிடம் கெஞ்சினார்: "மனுஷன் கொஞ்சம் மூச்சு விடற இடமா பார்த்து நிறுத்துங்களேன்."

பதினோரு விநாடி

ஒரு மத்தியானம் எண்பதைத் தாண்டிய ரோஸம்மா மகன் அந்தோணியோடு வந்தார். குஸ்தி முடிந்ததும் ஒற்றைச் சக்கர சைக்கிளில் தான்தான் வந்ததாகச் சொன்னார். அந்தோணி என்னைத் தனியே இழுத்தார். "ரொம்ப நாளா சொல்றாங்க சார். வீட்ல யாரும் நம்பறதில்ல. சர்க்கஸ்னு வாயெடுத்தாலே அப்பா கத்துவார்."

குஸ்திக்குப் பிறகு இருந்த பிலிம் ஒட்டிப்போய்க் கட்டியாகக் கிடந்தது. பிரித்தால் படமே உரிந்து போகலாம் என்றேன். "பார்க்காமலே போறதுக்கு, பிரிச்சுப் பார்த்துக் கெட்டாப் பரவாயில்ல. பிரிங்க தம்பி," என்றார் ரோஸம்மா.

மூன்று நாள் ஃபேன்கூடப் போடாமல் அங்குலம் அங்குலமாகப் பிரித்தேன். பாதி வெளுத்துப் போயிருந்தது. மிஞ்சியது பதினோரு விநாடி. கொலுசு தெரிய ஒரு பெண் ஒற்றைச் சக்கரத்தில் சுற்றி வந்து இரண்டு கையையும் விரிக்கிறாள். அந்தோணி திரையருகே போய்ப் பார்த்தார். "என் பொண்ணு முகம் சார் இது," என்றவர், அப்படியே அம்மாவின் காலடியில் உட்கார்ந்துவிட்டார். எனக்கும் கண் கலங்கியது.

ரோஸம்மா மட்டும் முகம் சுளித்தார். "கையை விரிச்சதும் சிரிக்கணும்னு சர்க்கஸ் மாஸ்டர் தலையில அடிச்சுக்குவார். அன்னிக்கும் மறந்துட்டேன் பாரு!"

அறுபது எழுபது வருஷம் கழித்துக் காட்டினாலும் தன் படம் யாருக்கும் பிடிப்பதில்லை என்பது மட்டும் இந்தத் தொழிலில் நிச்சயம்.