அக்காவின்ரை வழக்கும் என்ரை நேர்த்தியும்

இதை எழுதாமல் விடத்தான் இருந்தனான். அஞ்சாம் வகுப்போடை பள்ளிக்கூடத்தை விட்டு ஓடினவன், கோயில் ஆக்கள் வாசிக்கிற பத்திரிகையிலை என்னத்தை எழுதிறது? ஆனா அந்தோனியாருக்கு நன்றி சொல்லாமல் இருக்க ஏலாது.

என்ரை அக்கா எங்கடை தீவிலை, கரம்பொன் பள்ளிக்கூடத்திலை பதினொரு வருசம் அரிவரிப் பிள்ளையளுக்கு ஆனா ஆவன்னா படிப்பிச்சவ. தராதரப் பத்திரம் இல்லாதவை படிப்பிக்க ஏலாதெண்டு புதுச் சட்டம் வந்து, ஐப்பசியிலை அவவை வேலையாலை மறிச்சுப்போட்டினம். அக்கா யாழ்ப்பாணக் கோட்டிலை வழக்கு வைச்சா.

"நான் ரீச்சர் இல்லையெண்டு கோட்டிலை எழுதிப்போட்டா, அந்தப் பிள்ளையளின்ரை முகத்திலை எப்பிடியடா முழிக்கிறது?" எண்டு அழுதா.

அப்பிடி ஒருத்தரும் எழுதக்கூடாதெண்டு அந்தோனியாரிட்டைக் கேட்டன். நேர்த்தி வைக்க என்னட்டை என்ன கிடக்கு? சுவாமியாரைக்கூட விட்டுவைக்காமல் பகிடி சொல்லிச் சிரிக்க வைக்கிற இந்த வாய்தான். வழக்கு முடியுமட்டும் பகிடி விடமாட்டன் எண்டு நேர்ந்தன். நேர்த்தியை வெளியிலை விடக்கூடாதெண்டு அக்காவுக்கும் சொல்லேல்லை.

தையிலை அவவுக்கு நெருப்புக் காய்ச்சல். பக்கத்திலை இருந்து ஈரச்சீலை போட்டுக்கொண்டிருந்தன்.

"டேய், ஒரு பகிடி சொல்லன்."

வாயிலை நாலைஞ்சு வந்து நிண்டது. விழுங்கினன்.

"வழக்கு முடியட்டும் அக்கா."

"என்னோடை கோவமோடா?"

"இல்லையக்கா."

அவ மற்றப் பக்கம் திரும்பிப் படுத்தா. மூண்டாம் நாள் செத்துப்போனா. சவப்பெட்டிக்குப் பின்னாலை அரிவரிப் பிள்ளையள் "ரீச்சர், ரீச்சர்" எண்டு அழுதுகொண்டு வந்துதுகள்.

மாசியிலை வழக்குத் தவணை. அக்காவுக்காக வழக்குப் பேசின பிறக்கிராசியாரோடை நான் போய் நிண்டன். ஆளே இல்லாதபடியால் இனித் தீர்க்க ஒண்டுமில்லையெண்டு நீதவான் வழக்கை மூடிப்போட்டார். அக்கா ரீச்சர் இல்லையெண்டு ஒருத்தரும் எழுதேல்லை. நான் கேட்டது அதுதான். அந்தோனியார் கேட்டபடியே தந்தார்.

தீவுக்குத் திரும்பி வள்ளத்திலை வரேக்கை, நேர்த்தி முடிஞ்சுது, இனிப் பகிடி விடலாம் எண்டு நினைச்சன். வாய் திறக்கேல்லை. கரை வருமட்டும் அழுதன்.

இப்ப நோயிலை படுத்திருக்கிற வருத்தக்காரர் வீட்டை போனா, செபம் சொல்ல முதல் அவையைச் சிரிக்க வைச்சுப்போடுவன். நீங்களும் அந்தோனியாரை நம்பிக் கேளுங்கோ. அவர் தருவார். ஆனா, உங்களை நம்பி ஒருத்தர் கேக்கிற சிரிப்பை மட்டும் நேர்த்தியிலை வைச்சுப்போடாதேங்கோ.

எழுதி முடிச்சு என்ரை சிநேகிதன் சவிரிமுத்துவுக்கு வாசிச்சுக் காட்டினன். அவன் கடுதாசியை வாங்கி மடிச்சான். பிறகு சொன்னான்:

"சவக்காலைக்குப் போய் உன்ரை அக்காவுக்கு அண்டைக்கு விழுங்கின அந்தப் பகிடியை முதல் சொல்லிப்போட்டு வாடா."