வள்ளியின் காதுகுத்து

என் தங்கை வள்ளியைத் தூக்கினால் வசம்பு வாசம் அடிக்கும்; கையில் கட்டியிருந்த வசம்புத் துண்டை ஓயாமல் சப்புவாள். ஐம்பதுகளின் கடைசியில், கிணறு வெட்டப் போன இடத்தில் மண் சரிந்து அப்பா இறந்தபோது அவளுக்கு ஒன்றரை வயது, எனக்கு ஒன்பது. குடுமியான்மலைக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். காரியம் முடிந்ததும் ஆத்தாவின் அக்கா, அறந்தாங்கியில் துணிக்கடைக்காரருக்கு வாழ்க்கைப்பட்டுப் பிள்ளையில்லாமல் இருந்த ‘பெரியாத்தா’, வள்ளியை இடுப்பில் வைத்துக்கொண்டு கிளம்பினாள்.

“நீ வேலைக்குப் போகணும், கைப்பிள்ளைய வச்சுக்கிட்டு என்ன செய்வே? பொங்கலுக்கு நானே கொண்டாந்து விடுறேன்.”

ஆத்தா நம்பினாள். அவள் களையெடுக்கப் போனாள், நான் சோறாக்கினேன். வள்ளி வளர்ந்திருப்பாளே என்று மடிப்பு விட்டுத் தைத்த பாவாடை பொங்கலுக்குக் காத்திருந்தது. பிள்ளைக்குக் காய்ச்சல் என்று சொல்லி அனுப்பினார்கள். மாசியில் சந்தைக்கு வந்த உறவுக்காரி ஒருத்தி, வள்ளிக்குத் தாய்மாமன் மடியில் உட்கார வைத்துக் காது குத்தியதை, நாங்களும் போயிருப்போம் என்று நினைத்துப் பேசிக்கொண்டே போனாள். அந்த மாமா, ஆத்தாவின் கூடப்பிறந்த தம்பி, அதற்குப் பிறகும் எங்கள் வீட்டுக்கு வந்து கூழ் குடித்துவிட்டுப் போயிருந்தார். வாய் திறக்கவில்லை.

மறுநாளே பஸ் ஏறினோம். புதுத் தோட்டோடு நின்ற வள்ளியை நோக்கி ஆத்தா கை நீட்டினாள். பிள்ளை பெரியாத்தாவின் சேலைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டது.

“ஆத்தா இங்கதான இருக்கேன், பயப்படாத. சின்னாத்தா வந்திருக்காக, போ” என்றாள் பெரியாத்தா, எங்களைப் பார்க்காமல்.

“சின்னாத்தா” என்றது பிள்ளை. சொல்லிப் பழக்கியிருந்தார்கள்.

ஆத்தா பிடுங்கிக்கொண்டு ஓடுவாள், கூடவே ஓட வேண்டும் என்று நான் வாசல் பக்கம் நகர்ந்து நின்றேன். அவள் அந்த வீட்டின் பால் சட்டியையும் பிள்ளையின் கொழுத்த கால்களையும் பார்த்தாள். பிறகு குனிந்து, “சின்னாத்தா போயிட்டு வாரேன் தாயி” என்றாள். மற்ற எல்லாரையும்விட என்னை ஏமாற்றியது அவள்தான் என்று தோன்றியது. பஸ்ஸில் அவளை விட்டுத் தள்ளிப்போய் உட்கார்ந்தேன். வள்ளியிடம் ஒருநாளும் உண்மையைச் சொல்லக் கூடாது என்று அவள் சத்தியம் வாங்கியபோதும் முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் கை வைத்தேன்.

பெரியாத்தாவும் மாமாவும் போய்விட்டார்கள். அந்தத் துணிக்கடையும் இல்லை. போன ஐப்பசியில் ஆத்தாவும் போனாள். வள்ளி வந்து, ஒரு சின்னாத்தாவுக்கு எவ்வளவு அழ வேண்டுமோ அவ்வளவு அழுதாள். சாயங்கால பஸ்ஸுக்குக் கிளம்பும்போது என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்:

“நீதான்க்கா மனசத் தேத்திக்கணும். எங்களுக்கெல்லாம் எப்படியோ, ஒனக்குப் பெத்த ஆத்தால்ல.”