பட்டியலில் ஏழாவது பேர்

வாய்க்கால் மேஸ்திரி புத்திலாலுக்கு நாலு பெண்கள். மூன்றாமவள் ராஜ்வந்தி. கோமதிக் கரையில் உள்ள கால்வாய் அலுவலகத்தில் பத்தொன்பது வருஷம் குமாஸ்தா, அப்புறம் ஒன்பது வருஷமாகத் தலைமைக் குமாஸ்தா. முதுகுக்குப் பின்னால் "கோட்டா அம்மா" என்பார்கள். காதில் விழுந்தாலும் தலை நிமிரமாட்டாள்.

பதவி உயர்வில் சாதி இடஒதுக்கீடு, அதாவது கோட்டா, செல்லாது என்று தீர்ப்பு வந்தது. அப்படி மேலே போனவர்களை இறக்கச் சொல்லி லக்னோவிலிருந்து உத்தரவு. பட்டியல் போட்டவர் குமாஸ்தா ஓம்கார் சுக்லா. மொத்தம் ஏழு பேர். ஐந்தாவது ராஜ்வந்தியின் சித்தி மகன் விஜய்பால். ஏழாவது அவளேதான்.

வெளியே போகிற கடிதத்துக்கெல்லாம் நம்பர் போடுவது தலைமைக் குமாஸ்தாவின் வேலை. தன்னை இறக்குகிற உத்தரவுக்கும் அவள்தான் போட வேண்டும்.

"போடுங்க பெஹன்ஜி. நாளையிலேர்ந்து அந்தப் பேனா எனக்கு" என்று அக்கா முறை சொல்லிச் சிரித்தார் சுக்லா.

அவள் பேனாவைத் தொடவில்லை. பீரோவைத் திறந்து பழைய சீனியாரிட்டிப் பதிவேட்டை எடுத்துக்கொண்டு இஞ்சினியர் அறைக்குப் போனாள். சுக்லாவும் பின்னாலேயே போனார்.

"நான் மேல வந்த வருஷம் அஞ்சு இடம் காலி சார். சீனியாரிட்டில நான் மூணாவது. கோட்டாவே இல்லாட்டியும் எனக்கு வர வேண்டிய இடம். சுக்லாஜி பதினொண்ணாவது."

இஞ்சினியர் விரல் வைத்துப் படித்தார். "என்னய்யா சுக்லா, எதை வெச்சு லிஸ்ட் போட்டே?"

"சாதிச் சான்றிதழ் இருக்கிற ஃபைலையெல்லாம் எடுத்தேன் சார். இவங்களும் கோட்டாதானேன்னு..." சுக்லா அவள் பக்கம் திரும்பினார். "ஒன்பது வருஷமா ஒரு வார்த்தை சொல்லலியே பெஹன்ஜி?"

"நீங்க ஒரு நாளும் கேக்கலியே."

ஏழாவது பேரை இஞ்சினியர் அடித்தார். மற்ற ஆறும் அப்படியே நின்றன. அந்த உத்தரவுக்கு அவள் நம்பர் போட்டாள்.

விஜய்பால் வந்து கையெழுத்துப் போட்டு உத்தரவை வாங்கிக்கொண்டான். "உன் நாற்காலி தப்பிச்சுதே அக்கா, அது போதும்."

"எப்படிடா போதும்? உனக்கு அந்த இடத்தைச் சட்டம்தானே குடுத்துது? என் பேரை அடிச்சதால நீ திருடன்னு ஆயிடுமா? உக்காரு, மனு எழுதுவோம்."

அவன் எதிர் நாற்காலியில் உட்கார்ந்தான். அன்று அடுத்த நம்பர் அந்த மனுவுக்கு. ஓய்வு பெற்ற அன்று, கழுத்தில் மாலையோடு அவள் கடைசியாக நம்பர் போட்டது, இன்னும் பதில் வராத அவனுடைய நினைவூட்டல் மனுவுக்குத்தான்.